வளர்க்கத்தான் கொடுத்தேன்

இருபத்திரண்டு வருஷமாகக் கண்டக்டர் வேலை; ஓடுகிற பஸ்ஸில் நின்றே பழகிய கால்கள் அவளுக்கு. வீட்டுக்கு வந்தாலும் உட்கார மாட்டாள். தட்டைக் கையில் ஏந்திக்கொண்டு ஜன்னலுக்கும் வாசலுக்குமாக நடந்தபடியே சாப்பிட்டு முடிப்பாள். டிப்போவில் அவளுக்கு ரைட்டக்கா என்று பெயர். விசில் ஊதும் வழக்கமே கிடையாது. பின்படியிலிருந்து அவள் போடும் ‘ரைட்’ முன்கண்ணாடியைத் தாண்டிப் போகும். அவளைவிட மூத்த டிரைவர்கள்கூட அக்கா என்றுதான் கூப்பிட்டார்கள்.

கல்யாணம் இரண்டு இடத்தில் பேச்சோடு நின்றுபோனது. இரண்டு இடத்திலும், “பொண்ணோட அப்பா இவரா, அவரா?” என்று கேட்டுவிட்டு எழுந்து போனவர்கள் திரும்பி வரவில்லை.

விஷயம் இதுதான். அவளைப் பெற்ற இரண்டாம் நாள் தாய் இறந்துபோனாள். தகப்பன் எரிந்துபோன மோட்டார்களுக்குக் கம்பி சுற்றித் தரும் வைண்டிங் கடை வைத்திருந்தவர். ஊர் அவரை வைண்டிங்காரர் என்றுதான் அறியும். எட்டு வயது மகனையும் பச்சைக் குழந்தையையும் வைத்துக்கொண்டு அவர் முழித்துக்கொண்டிருந்தபோது, இறந்தவளின் தங்கை வந்து குழந்தையைத் தூக்கிக்கொண்டு போனாள். அந்தச் சித்திக்குப் பிள்ளை இல்லை. பேச்சு வந்ததும் குழந்தை சித்தியை அம்மா என்றது. சித்தப்பாவை அப்பா என்றது. ஞாயிற்றுக்கிழமைதோறும் பெற்றவரைப் பார்க்கக் கூட்டிப்போவார்கள். அவரை என்னவென்று கூப்பிடுவது? ‘பெரியப்பா’ என்று சித்தி சொல்லிக்கொடுத்தாள். முறையில் தப்பில்லை; அம்மாவின் அக்கா வீட்டுக்காரர் பெரியப்பாதானே. அந்த வீட்டுப் பையன் அண்ணன். கூடப்பிறந்தவனும் அண்ணன்தான், பெரியப்பா மகனும் அண்ணன்தான். வாயால் கூப்பிடுகிற எதிலும் உள்ளே இருக்கும் வித்தியாசம் வெளியே தெரியாது.

ஒன்பது வயதில், எதிர்வீட்டுப் பெண்ணோடு வந்த சண்டையில் விஷயம் உடைந்தது. ஓடிவந்து கேட்டவளிடம் சித்தி மறைக்கவில்லை. “ஆமா. உன்னைப் பெத்தது எங்கக்கா. உங்க பெரியப்பாவால பாத்துக்க முடியல. எங்கிட்ட கொடுத்துட்டார்” என்றாள்.

கொடுத்துட்டார். வேண்டாத சாமானைப் பக்கத்து வீட்டுக்குக் கொடுப்பதுபோல. அந்த ஒரு வார்த்தையை மட்டும் அவள் பத்திரமாக எடுத்து வைத்துக்கொண்டாள். அதற்குப் பிறகு வைண்டிங்காரர் வீட்டுக்குப் போகும்போதெல்லாம் ஒரு கால் வாசற்படியிலேயே நிற்கும். அவர் தலையைத் தடவ வந்தால் நகர்ந்துகொள்வாள். வளர்ந்து, வேலைக்குப் போய், சித்தப்பா இறந்து, சித்தியும் அவளுமாக மிஞ்சிய பிறகும் அப்படித்தான். வைண்டிங்காரர் கடைசி ஆறு வருஷம் படுக்கையில் கிடந்தபோது மாதம் ஒருமுறை போய்க் கட்டிலோரம் நிற்பாள். “உக்காரேன்” என்பார் அவர். “டூட்டி இருக்கு பெரியப்பா” என்பாள்.

அவர் இறந்து மூன்று மாதம் ஆகியிருக்கும். பஸ் கடைசி ஸ்டாப்பில் போய் நின்று, திரும்புவதற்குப் பத்து நிமிஷம் இருந்தது. டிரைவர் ஸ்டியரிங்மேல் பேப்பரை விரித்துப் படித்துக்கொண்டிருந்தான்.

“அக்கா, இது உங்க பெரியப்பா கடை அட்ரஸ் இல்ல?”

வாங்கிப் பார்த்தாள். கட்டம் கட்டிய வக்கீல் அறிவிப்பு. இன்ன விலாசத்தில் வசித்துக் காலமானவருக்கு எங்கள் கட்சிக்காரரைத் தவிர வேறு பிள்ளைகளோ வாரிசுகளோ இல்லை; ஆட்சேபம் உள்ளவர்கள் முப்பது நாட்களுக்குள் தெரிவிக்கவும்.

மூன்று முறை படித்தாள். நேரமாகிவிட்டது, ஆட்கள் ஏறிவிட்டார்கள், வண்டி உறுமிக்கொண்டு நின்றது. டிரைவர் கண்ணாடியில் பார்த்தான், திரும்பியே பார்த்துவிட்டான். “அக்கா, ரைட்டா?” என்று அவன்தான் அன்றைக்குக் கத்த வேண்டியிருந்தது.

அந்த வீட்டின்மேல் அவளுக்கு ஒருநாளும் கண் இருந்ததில்லை. அண்ணன் நேரில் வந்து, “கையெழுத்துப் போடு, நான் எடுத்துக்கறேன்” என்றிருந்தால் பேனாவைத் தேடியிருப்பாள். ஆனால் ‘வேறு பிள்ளைகளோ’ என்பதை அவளால் தாண்ட முடியவில்லை. கொடுத்தது ஒரு கணக்கு. பிறக்கவே இல்லை என்பது வேறு.

மறுநாள் லீவு போட்டுவிட்டு வாரிசுச் சான்று தரும் அலுவலகத்துக்குப் போனாள். ஜன்னலுக்குப் பின்னால் இருந்தவர் அவளுடைய காகிதங்களை ஒவ்வொன்றாகப் புரட்டினார்.

“பள்ளிக்கூடச் சான்றிதழ், அடையாள அட்டை, வேலை ஆர்டர்... எல்லாத்துலயும் அப்பா பேர் ஒண்ணுதான் இருக்கு. அது இறந்தவர் பேர் இல்லையே.”

“அது என்னை வளர்த்தவர் பேர் சார். பொறந்த பதிவு கீழ இருக்கு பாருங்க.”

அவர் பார்த்தார். ஆஸ்பத்திரியிலிருந்து போன பதிவு அது. தாய் பெயர், தகப்பன் பெயர் எல்லாம் சரியாக இருந்தன. குழந்தையின் பெயர் இருக்க வேண்டிய கட்டம் மட்டும் காலி; பிறந்தபோது யார் பெயர் வைத்தார்கள்? ‘பெண்’ என்று மட்டும் இருந்தது.

“இந்தப் பெண் நீங்கதான்னு எப்படிம்மா சொல்றது?”

“நான்தான் சார்.”

“நீங்கதான்னு நீங்க சொல்றீங்க. வேற யாராவது சொல்லணும். கோர்ட்டுக்குப் போங்க” என்று கட்டைத் திருப்பித் தள்ளினார்.

கோர்ட்டுக்குப் போகவில்லை அவள். முதலில் அண்ணனிடம் போனாள்.

வீட்டின் முன்பாதிதான் கடை. வார்னிஷ் வாசனை தெருமுனைக்கே வந்துவிடும். அண்ணன் மோட்டாருக்குக் ‘காயில்’ சுற்றிக்கொண்டிருந்தான். செம்புக் கம்பி ஒரு கையின் விரல்களுக்கிடையே வழுக்கி ஓட, இன்னொரு கையால் கைப்பிடியைச் சுழற்றி, உதடு அசைய எண்ணிக்கொண்டிருந்தான். நடுவில் பேசினால் எண்ணிக்கை தப்பிவிடும். அது அவளுக்கும் தெரியும். நூற்றுப் பத்து வரும்வரை நின்றாள். அவன் கம்பியை வெட்டி, முடிச்சுப் போட்டு, அடுத்ததை எடுக்கப் போனான்.

“அண்ணே. பேப்பர்ல போட்டிருக்கீங்க.”

“வக்கீல் போடச் சொன்னார்.”

“வேற பிள்ளையே இல்லைன்னா?”

அவன் கழிவுத் துணியை எடுத்துக் கையைத் துடைத்தான். துடைத்து முடித்த பிறகும் துடைத்தான்.

“ஆறு வருஷம் தூக்கி உக்கார வச்சேன். குளிப்பாட்டினேன். நீ வருவே, கட்டில் பக்கத்துல நிப்பே, போயிடுவே.”

“வந்தேன் இல்ல?”

“பெரியப்பாவைப் பாக்க வந்தே.”

“நீங்களும் அப்படிப் பேசுனா எப்படிண்ணே?”

“அம்மா போனப்ப எனக்கு எட்டு வயசு. அந்த வாரமே உன்னையும் தூக்கிட்டுப் போயிட்டாங்க. ராத்திரி அழறதுக்கு ஒரு குழந்தைகூட இல்லாத வீடு. உனக்காவது அம்மான்னு ஒருத்தி கிடைச்சா. எனக்கு இருந்தது இவர் ஒருத்தர்தான். இப்ப வந்து அவருலயும் பாதி கேக்குறியா?”

அவள் கடைவாசலில் இறங்கி நடந்தாள். பஸ் ஸ்டாப்பைத் தாண்டி நடந்தாள். அடுத்த ஸ்டாப்பையும் தாண்டினாள். வழியில் இரண்டு பஸ்கள் வேகம் குறைத்து, தெரிந்த டிரைவர்கள் தலையை நீட்டி, “அக்கா, ஏறுங்க” என்றார்கள். கையை ஆட்டிவிட்டு நடந்துகொண்டே இருந்தாள். அண்ணன் பேசியதில் பாதி நியாயமாகப் பட்டதுதான் அவளைப் போட்டுப் படுத்தியது.

அதன்பிறகுதான் வக்கீல். மருந்துக்கடை மாடியில் ஒற்றை அறை. வக்கீலம்மாவுக்கு முப்பத்தைந்து வயது இருக்கும், கேள்வி மட்டும் அறுபது வயது ஆளுடையது.

“அவரை என்னன்னு கூப்பிடுவீங்க?”

“பெரியப்பான்னு.”

வக்கீலம்மா பேனாவை மூடி வைத்தார். “கடைசி வரைக்கும்?”

“கடைசி வரைக்கும்.”

“அவங்க வக்கீல் முதல்ல கேக்கப்போறது இதைத்தான். உக்காருங்களேன், எனக்குக் கழுத்து வலிக்குது.”

பாகப்பிரிவினை கேட்டு வழக்குப் போட்டார்கள். அண்ணன் தரப்பு, இவள் யாரென்றே தெரியாது என்று பதில் போட்டது. அண்ணனும் அவளும் ஒரே பெற்றோரின் பிள்ளைகள்தானா என்று ரத்தப் பரிசோதனை செய்ய வேண்டும் என வக்கீலம்மா மனுப் போட்டார். அடுத்த வாய்தாவில் எதிர்த்தரப்பு அப்படியே பிளேட்டைத் திருப்பிப் போட்டது. பிறப்பால் மகள் என்பதை மறுக்கவில்லை. ஆனால் கைக்குழந்தையாக இருந்தபோதே சித்திக்குத் தத்துக் கொடுத்தாயிற்று. வேறு வீட்டுக்குத் தத்துப் போனவளுக்கு இந்த வீட்டில் பங்கு கிடையாது.

“பாதி ஜெயிச்சாச்சு” என்றார் வக்கீலம்மா. “இனிமே ரத்தம் பேச வேண்டியதில்ல. தத்துக் கொடுத்தாரா, வளர்க்க மட்டும் விட்டாரா, அதான் கேள்வி. அதைச் சொல்ல உயிரோட இருக்கறது ஒரே ஆள்.”

“அவங்களை நான் அம்மான்னு கூப்பிடறேன் மேடம்.”

“தெரியும். அவங்க கூண்டுல ஏறி, இவ என் மக இல்ல, வளர்த்தேன், அவ்வளவுதான்னு சொல்லணும்.”

இதைப் போய் எப்படிக் கேட்பது? எழுபத்துநாலு வயதில், கண்ணாடியை நெற்றிமேல் ஏற்றிவிட்டுக்கொண்டு வானொலிச் செய்தியோடு சண்டை போடும் சித்தியிடம். இன்று கேட்டுவிடலாம் என்று வருவாள். செருப்பைக் கழற்றுவதற்குள் நாளைக்கு என்று ஆகிவிடும். காலை ஷிப்டை மாலைக்கு மாற்றினாள், மாலையைத் திரும்பக் காலைக்கு மாற்றினாள். வீட்டில் கூடத்துக்கும் சமையலறைக்குமாக நடந்தாள்.

“என்னடி, வீட்டுக்குள்ளயே ரூட் போட்டுட்டியா? இது எத்தனாவது ட்ரிப்?” என்றாள் சித்தி.

அவள் சிரித்தாள். கேட்கவில்லை.

வழக்குக்காகப் பள்ளிச் சேர்க்கைப் பதிவேட்டின் நகல் தேவைப்பட்டது. ஒரு புதன்கிழமை பழைய பள்ளிக்குப் போனாள். ஓய்வுபெற ஒரு வருஷமே இருந்த எழுத்தர், தும்மிக்கொண்டே பரண்மேல் ஏறி, அட்டை கிழிந்த பெரிய நோட்டை இறக்கினார். அவள் பெயர் இருந்த பக்கத்தைத் திறந்தவர், “அட, இங்க என்னமோ ஒட்டியிருக்கே” என்றார்.

இரண்டு காகிதங்கள், பசை காய்ந்து மொறுமொறுவென்று. மேலே இருந்தது வைண்டிங்காரரின் கையெழுத்து. மோட்டார்களில் கட்டும் அட்டைச் சீட்டுகளில் பார்த்துப் பழகிய அதே சரிந்த எழுத்து. அவள் ஆறாம் வகுப்பில் இருந்த வருஷத்துத் தேதி.

“தலைமையாசிரியர் அவர்களுக்கு. தங்கள் பள்ளியில் ஆறாம் வகுப்பில் படிக்கும் இந்தப் பிள்ளை என் சொந்த மகள். தாய் இறந்ததால் என் மைத்துனியிடம் வளர்க்கத்தான் கொடுத்தேன். இப்போது என் வீட்டில் வைத்துப் படிக்கவைக்க ஆசைப்படுகிறேன். நேரில் பலமுறை கேட்டும் அனுப்பவில்லை. தயவுசெய்து மாற்றுச் சான்றிதழ் தந்து உதவவும். பிள்ளைக்குத் தெரிய வேண்டாம், பயந்துவிடும்.”

ஓரத்தில் சிவப்பு மையில் தலைமையாசிரியர் குறிப்பு: பதிவேட்டில் தந்தை பெயர் வேறு. பெற்றோரை விசாரிக்கவும்.

அடியில் இருந்த இரண்டாவது காகிதம் அதற்கான பதில். “அவர் என் அக்கா கணவர். என் மகளுக்கும் அவருக்கும் எந்தச் சம்பந்தமும் இல்லை. அவரிடம் பிள்ளையை அனுப்ப வேண்டாம்.” கீழே சித்தியின் கையெழுத்து, வால் நீண்ட கடைசி எழுத்தோடு.

அந்த வருஷம் அவளுக்கு நன்றாக ஞாபகம் இருந்தது. ஞாயிற்றுக்கிழமைப் போக்குவரத்து திடீரென்று நின்றுபோன வருஷம். “எனக்குக் கால்வலி” என்றாள் சித்தி. ஒன்றரை வருஷம் கால்வலி. பெரியப்பாவுக்கு நம்மைப் பார்க்கப் பிடிக்கவில்லை போலும் என்று அவள் நினைத்துக்கொண்டாள்.

எழுத்தர் என்னவோ கேட்டார். அவள் காதில் விழவில்லை. பிள்ளைகள் உட்காரும் குட்டி பெஞ்சில் உட்கார்ந்துவிட்டாள்.

“தண்ணி வேணுமாம்மா?”

“நகல் வேணும் சார். ரெண்டுமே.”

வக்கீலம்மா படித்துவிட்டு நிமிர்ந்து பார்த்தார். “கடிதம் நமக்குப் பொன்னு. ஆனா கீழ இருக்கறதை அவங்க விட மாட்டாங்க. என் மகள்னு அவங்களே எழுதிக் கொடுத்திருக்காங்க, தகப்பனும் அதுக்கப்புறம் வாயை மூடிட்டார், அப்போ தத்துதான்னு சொல்வாங்க. இதை எழுதினவங்களே வந்து, எழுதினது பொய்னு சொன்னாத்தான் உண்டு. இப்பவாவது கேளுங்க.”

நகல் நாலு நாள் அவளுடைய டிக்கெட் பையிலேயே இருந்தது. அந்த நாலு நாளும் அவள் சித்தியோடு பேசாமல் இல்லை. மாத்திரை போட்டாச்சா, தண்ணீர் வந்ததா, கதவைத் தாழ் போட்டுக்கோங்க, எல்லாம் பேசினாள். ‘அம்மா’ என்பதை மட்டும் விட்டுவிட்டுப் பேசினாள். சித்தி என்று சொல்லவும் நாக்கு வரவில்லை. எதிரே வந்து நின்றுதான் பேச்சை ஆரம்பிக்க முடிந்தது.

ஐந்தாம் நாள் காலை, சித்தி வானொலியை அணைத்தாள். “நாலு நாளா நீ என்னைக் கூப்பிடவே இல்ல.”

அவள் பையிலிருந்து காகிதத்தை எடுத்து மேஜைமேல் வைத்தாள். சித்தி கண்ணாடியை இறக்கிவிட்டுக்கொண்டு, முதல் தாளைப் படித்தாள். இரண்டாவதைப் படிக்கவில்லை, பார்த்த உடனே தெரிந்துவிட்டது.

“என் கையெழுத்துதான்.”

“ஏன் எங்கிட்ட சொல்லல?”

“சொன்னா நீ போயிடுவே.”

“சரி, பதினொரு வயசுல சொல்லல. முப்பது வயசுல சொல்லியிருக்கலாம் இல்ல?”

“முப்பது வயசுல சொன்னா, பதினொரு வயசுல சொல்லாததுக்கும் சேத்துப் பதில் சொல்லணுமே.”

“கொடுத்துட்டார்னு சொன்னீங்க. கொடுத்துட்டார்னு! நான் அந்த மனுஷன் பக்கத்துல ஒருநாள் உக்கார்ந்ததில்ல.” அவள் குரல் பின்படிக் குரலாக உயர்ந்துவிட்டது. பக்கத்து வீட்டு ஜன்னல் திறந்தது. “எத்தனை தடவை கேட்டார்?”

“எண்ணல. ஒவ்வொரு ஞாயித்துக்கிழமையும் கேப்பார். நீ கடையில கம்பித் துண்டு பொறுக்கி விளையாடிட்டு இருப்பே. ‘நடக்க ஆரம்பிச்சாச்சு, விட்டுட்டுப் போ’ம்பார். ‘பள்ளிக்கூடம் போற வயசாச்சு, விட்டுட்டுப் போ’ம்பார். நான் அடுத்த வருஷம் அத்தான், அடுத்த வருஷம் அத்தான்னே ஓட்டினேன். அந்த லெட்டருக்கு அப்புறம் உங்கப்பா போய் அவர்கிட்ட பேசினார். என்ன பேசினார்னு எங்கிட்ட சொல்லல. அதோட அவர் கேக்கறதை விட்டுட்டார்.”

உங்கப்பா என்றது சித்தப்பாவை. அவள் பையை மாட்டிக்கொண்டு வெளியே போனாள். டூட்டிக்கு இன்னும் மூன்று மணி நேரம் இருந்தது.

அன்று சாயங்காலம் வந்தபோது சித்தி அதே நாற்காலியில் இருந்தாள். சமையல் ஆகியிருக்கவில்லை.

“கோர்ட்டுக்கு நான் என்னிக்கு வரணும்?”

அவள் பையைக் கழற்றி ஆணியில் மாட்டினாள்.

“நீ கேக்க மாட்டே. ஆறு மாசமா இந்த வீட்டுல ட்ரிப் அடிச்சிட்டு இருந்தியே, எதுக்குன்னு எனக்குத் தெரியாதா? அதான் நானே கேக்கறேன்.”

மூன்று முறை வாய்தா போனது. ஒருமுறை நீதிபதி லீவு, ஒருமுறை எதிர் வக்கீலுக்குக் காய்ச்சல், ஒருமுறை காரணமே சொல்லவில்லை. ஒவ்வொரு முறையும் சித்தி விறைப்பாக ஆட்டோவில் வந்து, வராந்தா பெஞ்சில் மூன்று மணி நேரம் உட்கார்ந்து, விறைப்பாகவே திரும்பினாள். அவள் பக்கத்துத் தூணருகே நின்றாள். வராந்தாவின் அந்தக் கோடியில் அண்ணன் நின்றான்.

நாலாம் முறை கூப்பிட்டார்கள். பள்ளிப் பதிவேடு மேஜைமேல் இருந்தது. எதிர் வக்கீல் பணிவாகத்தான் ஆரம்பித்தார்.

“இவங்க உங்களை என்னன்னு கூப்பிடறாங்க?”

“அம்மான்னு.”

“நீங்க இவங்களை யாருன்னு சொல்வீங்க?”

“மகன்னு சொல்ல முடியுமா? மகள்னுதான் சொல்வேன். இப்பவும் அப்படித்தான்.”

பின்னால் யாரோ சிரித்தார்கள். வக்கீல் சிரிக்கவில்லை. “அப்போ தத்து எடுத்துக்கிட்டீங்க.”

“இல்ல.”

“என் மகள், அவருக்குச் சம்பந்தம் இல்லைன்னு நீங்களே எழுதிக் கொடுத்திருக்கீங்க. இது உங்க கையெழுத்துதானே?”

“என் கையெழுத்துதான். எழுதினது பொய்.”

“அன்னிக்கு எழுதினது பொய்யா, இன்னிக்குச் சொல்றது பொய்யா?”

“அன்னிக்கு எழுதினது. தத்துன்னா கொடுக்கறவர் ஒருத்தர் வேணும் இல்லையா? அவர் கொடுக்கல. திருப்பிக் கேட்டுக்கிட்டே இருந்தார். நான்தான் கொடுக்கல.”

“மெதுவாச் சொல்லுங்கம்மா, டைப் ஆகணும்” என்றார் நீதிபதி.

சித்தி கூண்டின் கட்டையை இறுகப் பிடித்துக்கொண்டாள். ஒவ்வொரு வார்த்தையாக, டைப் அடிப்பவரைப் பார்த்துத் திரும்பச் சொன்னாள். “அவர் கொடுக்கல. கேட்டுக்கிட்டே இருந்தார். நான்தான் கொடுக்கல. வளர்த்தது நான். பெத்தது எங்கக்கா. இவ அவரோட மக.”

அவள் அண்ணனைத் திரும்பிப் பார்த்தாள். அவன் குனிந்து தன் விரல்களையே பார்த்துக்கொண்டிருந்தான்.

வெளியே வந்ததும் சித்தி படியிறங்க நின்றாள். அவள் கையைக் கொடுத்தாள். ஆட்டோவில் இருவரும் ஆளுக்கொரு பக்கம் பார்த்துக்கொண்டு வந்தார்கள். வீட்டுக்கு வந்து சித்தி படுத்தவள் மறுநாள் மத்தியானம்தான் எழுந்தாள்.

ஏழு மாதம் கழித்துத் தீர்ப்பு வந்தது. தத்து நிரூபிக்கப்படவில்லை, இறந்தவருக்கு இரண்டு பிள்ளைகள், ஆளுக்குப் பாதி. அண்ணன் மேல்முறையீட்டுக்குப் போகவில்லை. “போகலாம், இடமிருக்கு” என்று அவனுடைய வக்கீல் சொன்னாராம். “போதும்” என்றானாம். இதை அவளுக்குச் சொன்னது வக்கீலம்மாதான்.

வீட்டை அளந்து பிரிக்கக் கோர்ட் ஒரு கமிஷனரை அனுப்பியது. கமிஷனரோடு வந்தவர் டேப்பின் ஒரு முனையை அண்ணன் கையிலும் மறுமுனையை அவள் கையிலும் கொடுத்துவிட்டு எழுத ஆரம்பித்தார். இருவரும் அறை அறையாக இழுத்துக்கொண்டு போனார்கள். கடை அண்ணனுக்கு வேண்டும். அவளுக்குப் பின்பாதி போதும். அதில் தகராறு இல்லை. பின்னறைக் கதவைத் தள்ளினால் பாதிதான் திறந்தது. உள்ளே எரிந்துபோன மோட்டார்கள் இடுப்பளவுக்கு.

“இங்க யார் இருந்தா?” என்றாள்.

“யாரும் இல்ல.” அண்ணன் டேப்பைச் சுவரோடு அழுத்திப் பிடித்தான். “எனக்குப் பத்தொன்பது வயசுன்னு நினைக்கறேன். ஒருநாள் திடீர்னு இதை ஒழிச்சு, சுவத்துக்குப் பச்சை அடிச்சார். ஒரு மேஜை வாங்கிப் போட்டார். யாருக்குப்பான்னு கேட்டேன். சும்மாதான்னார். கொஞ்ச நாள் பாத்துட்டு நான் மோட்டாரைக் கொண்டுவந்து போட்டேன். ஒண்ணும் சொல்லல.” குனிந்து டேப்பில் எண்ணைப் பார்த்தபடி, “அன்னிக்குக் கோர்ட்ல அந்த லெட்டரைப் படிச்சப்பதான் எனக்கு எந்த வருஷம்னு உறைச்சுது” என்றான்.

மோட்டார்களுக்கு மேலே, புகை படிந்த இடங்களுக்கு நடுவில், சுவர் பச்சையாகத்தான் இருந்தது.

“பதிமூணு அடி, நாலு அங்குலம்” என்றான் அண்ணன், கமிஷனருக்குக் கேட்கும்படி.

அந்த மோட்டார்களை அப்புறப்படுத்தவே அவனுக்கு ஒரு மாதம் பிடித்தது. குடிபோவதா, பூட்டி வைப்பதா என்று அவள் மேலும் இரண்டு மாதம் தவித்தாள். ஒருநாள் போகலாம் என்று தோன்றும். மறுநாள் அந்த அறையில் படுத்தால் தூக்கம் வருமா என்று தோன்றும். பதினொரு வயதில் அவர் வந்து கையைப் பிடித்திருந்தால் போயிருப்பேனா? அழுதிருப்பேன், சித்தியின் புடவையை விட்டிருக்க மாட்டேன். அதுவும் தெரிந்தது. தெரிந்தும் சமாதானம் வரவில்லை. டிக்கெட் கிழிக்கும்போதும் அதுவே ஓடியது. ஒருநாள் ஒரே ஆளுக்கு இரண்டு முறை டிக்கெட் கொடுத்துவிட்டாள்.

கடைசியில் போவது என்று முடிவானபோது சித்திதான் மறுத்தாள்.

“அந்த வீட்டுக்கா? எந்த மூஞ்சியை வச்சுக்கிட்டு?”

“இருக்கறது ஒண்ணுதான். அதையே வச்சுக்கிட்டு வாங்க.”

போனார்கள். முன்பாதிக்கும் பின்பாதிக்கும் நடுவே கமிஷனர் வரைந்த கோட்டில் சுவர் எழுப்பவில்லை; ஏற்கெனவே இருந்த கதவுக்கு இரண்டு பக்கமும் தாழ்ப்பாள் போட்டுக்கொண்டார்கள். அண்ணனும் சித்தியும் ரொம்ப நாள் முகம் பார்த்துக்கொள்ளவில்லை. அவள் சித்தியைத் திரும்ப அம்மா என்று கூப்பிட ஆரம்பித்திருந்தாள். எந்த நாளில் என்று கேட்டால் அவளுக்கே தெரியாது. ஏதோ அவசரத்தில், சாவியைத் தேடும்போதோ என்னவோ வாயில் வந்துவிட்டது. சித்தியும் அதைக் கவனித்ததாகக் காட்டிக்கொள்ளவில்லை. கோபம் போய்விட்டதா என்றால் அதுவும் இல்லை. சில நாள் காலையில் எழும்போதே பச்சைச் சுவர் கண்ணில் படும். அன்றைக்குக் காரணமில்லாமல் சித்தியிடம் எரிந்துவிழுவாள். சித்தி வாயைத் திறக்க மாட்டாள். வேறு எதற்காவது என்றால் ஒன்றுக்குப் பத்தாகத் திருப்பிக் கொடுக்கிறவள்.

மழைக்காலத்தில் ஒருநாள், அவள் டூட்டி முடிந்து வந்தபோது, நடுக்கதவில் சித்தி நின்று சத்தம் போட்டுக்கொண்டிருந்தாள்.

“ஏம்பா, அந்த வார்னிஷை நாள் முழுக்க அடிக்கணுமா? மனுஷி மூச்சு விட வேண்டாமா?”

அந்தப் பக்கத்திலிருந்து அண்ணனின் குரல் வந்தது. “இருங்க சித்தி, எண்ணிக்கிட்டு இருக்கேன்.”

சித்தி நின்றாள். அவளும் நனைந்த பையோடு பின்னால் நின்றாள். எண்ணிக்கை முடியட்டும் என்று இருவரும் காத்திருந்தார்கள்.